கள்ளிக்குள் போய் வெளியே வந்த டைனோசர்

கதவுக் கைப்பிடி செய்து விற்கும் அந்தக் கம்பெனியை நடத்தியவரை, அவர் காதில் விழாத தூரத்தில், எல்லோரும் மாப்பிள்ளை என்றே சொன்னார்கள். முதலாளியின் மகளைக் கட்டிக்கொண்டதுதான் அவருக்கிருந்த முன் அனுபவம். அவர் அறைச் சுவரில் ஒரு பெரிய பலகை. பித்தளை, எஃகு, கறுப்பு மெருகு என்று வகைவகையான கைப்பிடிகளை அதில் மாட்டி வைத்திருந்தார். வருகிறவர்களை ஒன்றைப் பிடித்துத் திருகிப் பார்க்கச் சொல்வார். அவர்களும் திருகிப் பார்த்து, நன்றாக இருக்கிறது என்பார்கள். பலகையில் இருந்தவரைக்கும் எல்லாம் நன்றாகத்தான் இருந்தன. வாங்கிப்போய்க் கதவில் மாட்டினால் கொஞ்ச நாளில் கையோடு வந்துவிடும்.

அப்படிக் கழன்று வந்த கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு போன் பண்ணுகிறவர்களுக்குப் பதில் சொல்வது புகார் அக்காவின் வேலை. அவளைவிட வயதில் மூத்தவர்களும் அவளை அப்படித்தான் கூப்பிட்டார்கள். காலையில் ஹெட்போனை மாட்டிக்கொண்டு உட்கார்ந்தால் சாயங்காலம்வரை திட்டு வாங்குவாள். குளியலறையில் மாட்டிக்கொண்ட ஒருவர் உள்ளே இருந்தபடியே அவளைத் திட்டியிருக்கிறார். கோளாறு எங்கே என்று அவளுக்கும் தெரியும், பட்டறை மேஸ்திரிக்கும் தெரியும். திருகாணி குட்டை. மரத்துக்குள் போகிற சாமான் யார் கண்ணில் படப்போகிறது, பாதி நீளம் போதும் என்று மாப்பிள்ளை முடிவு செய்திருந்தார். நீளத் திருகாணி கேட்டு மேஸ்திரி எழுதிக்கொடுத்த காகிதம் அவர் மேஜையில் கிடந்தது. அவர் எதையும் மறுக்கமாட்டார். யோசிப்பார். அவர் யோசிக்கத் தொடங்கிய எந்தக் காகிதமும் அந்த மேஜையை விட்டு இறங்கியதில்லை.

ஒருநாள் தெருவில் பள்ளம் தோண்டியவர்கள் இன்டர்நெட் கேபிளையும் சேர்த்து வெட்டிவிட்டார்கள். பிரவுசரைத் திறந்தால் இணைப்பு இல்லை என்ற அறிவிப்பும் அதன் மேல் ஒரு குட்டி டைனோசரும் மட்டும் வந்தன. யாரோ எரிச்சலில் ஸ்பேஸ் பட்டனைக் குத்தினார்கள். டைனோசர் துள்ளிக் குதித்து ஓடத் தொடங்கியது. எதிரே கள்ளிச்செடி வந்தால் தாண்ட வேண்டும், பறவை வந்தால் குனிய வேண்டும், இடித்தால் முடிந்தது. இவ்வளவுதான் ஆட்டம். இதற்கு இன்டர்நெட் வேண்டாம். இன்டர்நெட் இல்லாவிட்டால்தான் இது வரும். கேபிள் ஒட்டப்படும்வரை அலுவலகம் முழுக்க அந்த டைனோசர் ஓடியது.

மாப்பிள்ளையும் தன் அறையில் ஆடினார். முந்நூற்றுச் சொச்சம் புள்ளி எடுத்துவிட்டு, ஏதோ சாதித்த முகத்தோடு வெளியே வந்து ஒவ்வொரு மேஜையாகப் பார்த்துக்கொண்டே போனார். புகார் அக்காவின் திரையில் எட்டாயிரத்தைத் தாண்டி ஓடிக்கொண்டிருந்தது. சுற்றிலும் ஆட்கள் நின்று வேடிக்கை பார்த்தார்கள். அவர் சிரித்து, பலே என்று சொல்லிவிட்டுப் போனார். மறுநாள் காலை, வேலை நேரத்தில் விளையாடுவதால் கம்பெனி அழிந்துகொண்டிருக்கிறது என்று கூட்டம் போட்டார். ஆட்டத்தில் போன நேரத்தைவிடக் கூட்டத்தில் போன நேரம் அதிகம்.

கம்ப்யூட்டர் பிரிவு என்று அங்கே இருந்தது ஒரே ஓர் ஆள். எதைக் கேட்டாலும் பூட்டிவிடுவார் என்பதால் அவருக்குப் பூட்டு என்று பெயர். அவர் எல்லா லேப்டாப்பிலும் அந்த ஆட்டத்தை முடக்கினார். அதன் பிறகு இணைப்பு போனால் டைனோசர் வரும், ஆனால் எவ்வளவு குத்தினாலும் நகராது. அதன் தலைக்கு மேலே ஒரு விண்கல் வந்துகொண்டிருப்பது போன்ற படம் மட்டும் இருக்கும். அதைப் பார்த்த மாப்பிள்ளைக்குப் பரம திருப்தி.

அக்காவுக்குத்தான் கஷ்டமாகப் போய்விட்டது. ஒரு திட்டுக்கும் அடுத்த திட்டுக்கும் நடுவில் கிடைக்கிற இடைவெளியில், அவள் சொன்னபடி கேட்ட ஒரே ஜீவன் அது. வீட்டில் அவளும் தங்கையும்தான். தங்கைக்கு ஒரு சாஃப்ட்வேர் கம்பெனியில் வேலை. மற்றவர்கள் எழுதிய புரோகிராமில் எங்கே ஓட்டை என்று தேடுவது. அக்கா விஷயத்தைச் சொன்னதும் தங்கை துணி மடித்துக்கொண்டே கேட்டுவிட்டு, அது எங்கேயும் போகவில்லை, பிரவுசருக்குள்ளேயேதான் இருக்கிறது, ஒரே ஒரு வரியில் வேண்டாம் என்று எழுதி வைத்திருப்பார்கள் என்றாள். அந்த வரியை எடுக்கத் தலைமைப் பாஸ்வேர்டு வேண்டும். அது ஒரு பிரச்சினையே இல்லை. பூட்டின் பாஸ்வேர்டு கம்பெனியின் பெயரும் ஒன்று இரண்டு மூன்றும்தான். டீ கொண்டுவருகிறவருக்குக்கூடத் தெரியும்.

மறுநாள் மதியம், எல்லோரும் சாப்பிடப் போயிருந்தபோது, தங்கை போனில் சொல்லச் சொல்ல அக்கா அந்த வரியைத் தேடிப்பிடித்து அழித்தாள். முகவரிக் கட்டத்தில் தங்கை சொன்ன இரண்டு வார்த்தையை அடித்தாள். இணைப்பு இருக்கும்போதே டைனோசர் வந்து நின்றது. விண்கல்லைக் காணோம். ஸ்பேஸ் பட்டனைத் தொட்டாள். ஓடியது. சாப்பாட்டு டப்பாவைத் திறக்காமலே இன்னொரு ஆட்டமும் ஆடினாள். ஒரு பொம்மைக்கு இவ்வளவா என்று வெட்கமாகவும் இருந்தது.

சில நாள் அப்படியே போனது. ஒருநாள், பேசி முடித்து ஹெட்போனைக் கழற்றாமலே ஆடிக்கொண்டிருந்தவளின் பின்னால் மாப்பிள்ளை வந்து நின்றதை அவள் கவனிக்கவில்லை. லேப்டாப்பை எடுத்துக்கொண்டு அறைக்கு வரச் சொன்னார். வேலை போய்விட்டது என்றே நினைத்தாள். தங்கையின் சம்பளத்தில் இரண்டு பேர் எப்படி ஓட்டுவது என்று அந்த நடைபாதையிலேயே யோசிக்க ஆரம்பித்துவிட்டாள்.

அவர் கதவைச் சாத்தினார். உட்காரச் சொன்னார். பலகையில் ஒரு கைப்பிடியைத் திருகிவிட்டுக்கொண்டே சொன்னார்.

"என் லேப்டாப்லயும் இதைத் திறந்து விட்டுடுங்க. பூட்டுக்குத் தெரிய வேண்டாம்."

விஷயம் இதுதான். அவருடைய மச்சினன், அதாவது மனைவியின் தம்பி, கம்பெனியின் இன்னொரு கிளையைப் பார்த்துக்கொள்கிறான். அவனும் இந்த ஆட்டத்தை ஆடுகிறான். குடும்பமாகச் சாப்பிட உட்கார்ந்தபோது தன் ஸ்கோரைப் போனில் எடுத்து எல்லோருக்கும் காட்டி, அத்தான் எவ்வளவு எடுத்தீங்க என்று கேட்டுவிட்டான். மாப்பிள்ளை சொன்னதைக் கேட்டு மாமனார் சிரித்தார். சொந்தப் பெண்டாட்டியும் சிரித்தாள்.

அக்கா அவருக்கும் திறந்து கொடுத்தாள். அவர் அதோடு விடவில்லை, மதியம் சாப்பிட்டதும் தினமும் கூப்பிட்டுச் சொல்லித்தரச் சொன்னார். அவளும் சொல்லித்தந்தாள். அவருக்கு வரவில்லை. அவர் கண் கள்ளியின் மேல் இருக்காது. மூலையில் ஏறுகிற எண்ணின் மேல் இருக்கும். எண்ணைப் பார்த்து அவர் சந்தோஷப்படும்போது டைனோசர் எதிலாவது முட்டிச் செத்திருக்கும். ஒவ்வொரு முறையும் பட்டன் சரியில்லை என்பார். நாற்காலியைக்கூட மாற்றினார். வெளியே அவள் போன் அடித்து அடித்து ஓய்ந்தது. திரும்பிப் போனால், ஏன் எடுக்கவில்லை என்பதற்கும் சேர்த்துத் திட்டு விழுந்தது.

பொறுக்க முடியாமல் தங்கையிடம் கேட்டாள். அந்த மனுஷனைச் சாகாமல் ஓட வைக்க ஏதாவது வழி இருக்கிறதா. தங்கை சிரித்துக்கொண்டே இன்னொரு வரி சொன்னாள். பிரவுசருக்குள் ஒரு மறைவான பெட்டி இருக்கிறது, அதில் இதை அடித்தால் டைனோசர் சாவதையே மறந்துவிடும் என்றாள். பக்கத்தை மூடினால் போய்விடும், மறுபடி அடிக்க வேண்டும், அவ்வளவுதான்.

மறுநாள் அவர் டீயை எடுக்கத் திரும்பிய நேரத்தில் அக்கா அதை அடித்தாள்.

டைனோசர் ஓடியது. முதல் கள்ளிக்கு அவர் வழக்கம்போலத் தாமதமாகத்தான் குதித்தார். அது கள்ளிக்குள் போய், அந்தப் பக்கமாக வெளியே வந்து, ஓடிக்கொண்டே இருந்தது. அக்கா மூச்சை அடக்கிக்கொண்டாள்.

"பாத்தீங்களா, டைமிங் வந்துடுச்சு" என்றார் மாப்பிள்ளை. "கால் லேசா உரசுச்சு. ஆனா தாண்டிட்டேன்."

பறவை அதன் தலைக்குள் புகுந்து போனது. தாண்டிட்டேன் என்றார். மூன்று கள்ளி சேர்ந்தாற்போல வந்தது. அதற்கு அவர் குதிக்கவே மறந்துவிட்டார். அதையும் தாண்டிவிட்டதாகச் சொன்னார். அக்காவுக்குச் சொல்லிவிடலாமா என்று ஒரு கணம் தோன்றியது. வெளியே போன் அடித்தது. பேசாமல் எழுந்து போய் எடுத்தாள்.

அன்றிலிருந்து அலுவலகத்துக்கு நல்ல காலம். மாப்பிள்ளை காலையில் வந்ததும் அக்கா போய் லேப்டாப்பைத் திறந்து, ஆட்டத்தை எடுத்து, அந்த வரியை அடித்துக் கொடுத்துவிட்டு வருவாள். பழைய லேப்டாப், சூடாக்கிக் கொடுக்க வேண்டும் என்று அவரிடம் சொல்லியிருந்தாள். அதற்கப்புறம் அவர் அறையை விட்டு வெளியே வருவதில்லை. கூட்டம் இல்லை. புது யோசனை இல்லை. யாராவது காகிதம் கொண்டுபோனால், திரையிலிருந்து கண்ணை எடுக்காமல் இடது கையால் கையெழுத்துப் போட்டார். மேஸ்திரி இதைக் கேள்விப்பட்டுத் தன் பழைய காகிதத்தின் நகலைத் தூசி தட்டி எடுத்துக்கொண்டு போனார். கையெழுத்தோடு திரும்பி வந்தவர், அதைத் தலைகீழாகப் பிடித்துக்கூடப் பார்த்தார், நம்ப முடியாமல்.

நீளத் திருகாணி போட்ட கைப்பிடிகள் கடைக்குப் போயின. கொஞ்சம் கொஞ்சமாகப் புகார் குறைந்தது. ஒரு கட்டத்தில் அக்காவின் போன் காலை முழுக்க அடிக்காமல் கிடந்தது. அது வேலை செய்கிறதா என்று அவளே எடுத்து எடுத்துப் பார்த்தாள்.

இது மாமனார் காதுக்கு எட்டியது. மச்சினனையும் கூட்டிக்கொண்டு நேரில் வந்தார். மாப்பிள்ளையின் தோளில் தட்டி, எப்படிச் சாதித்தீர்கள் என்று கேட்டார். மாப்பிள்ளை கொஞ்சம் யோசித்து, எல்லாம் கவனம்தான் மாமா, ஒரே இடத்தில் கவனம் என்றார். அதுவரையில் பொய் இல்லை.

பேச்சு எப்படியோ டைனோசரில் வந்து நின்றது. மச்சினன் தன் ஸ்கோரைச் சொன்னான். மாப்பிள்ளை தன்னுடையதைச் சொன்னார். மச்சினன் நம்பவில்லை; ஆடிக் காட்டுங்கள் என்றான். டீ ஊற்றுகிற சாக்கில் அக்காவும் அறையில் நின்றாள். மாப்பிள்ளை ஆடினார். டைனோசர் கள்ளி, பறவை, எல்லாவற்றுக்குள்ளும் புகுந்து ஓடியது. எண் ஏறியது.

மச்சினன் திரையில் விரலை வைத்தான். "அத்தான், இது தாண்டலை. கள்ளிக்குள்ளேயே போகுது."

 மாப்பிள்ளையின் காது சிவந்தது. மாமனார் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு குனிந்து பார்த்தார். இந்த ஆட்டம் ஓடுவதை அவர் அன்றுதான் முதல்முறை பார்க்கிறார்.

"உள்ள போனா என்னடா?" என்றார் மகனிடம். "வெளிய வந்துடுச்சுல்ல. வியாபாரம்னா அதுதான்."

 அன்றைக்கே இரண்டு கிளையையும் மாப்பிள்ளையே பார்த்துக்கொள்ளட்டும் என்று மாமனார் சொல்லிவிட்டுக் கிளம்பினார்.

அடுத்த வாரம் மாப்பிள்ளை அக்காவைக் கூப்பிட்டனுப்பினார். முகத்தில் உண்மையான வருத்தம் இருந்தது. புகாரே வராதபோது புகாருக்கென்று ஓர் ஆள் வைத்திருப்பது சரியில்லை என்று மாமா சொல்கிறார், நானும் யோசித்துப் பார்த்தேன் என்றார். நல்ல சான்றிதழ் எழுதித் தருவதாகச் சொன்னார். அக்கா தன் இடத்துக்குத் திரும்பினாள். ஹெட்போனைச் சுருட்டி மேஜையில் வைத்தாள். லேப்டாப்பைப் பூட்டிடம் கொடுத்தாள். அவர் வாங்கிக்கொண்டு, பழக்கதோஷத்தில், உடனே அதைப் பூட்டினார். மேஸ்திரி மட்டும் வாசல்வரை வந்தார். என்ன சொல்வதென்று தெரியாமல், அங்கிருந்த கதவின் கைப்பிடியை ஆட்டிப் பார்த்துவிட்டு, இப்ப நல்லா இருக்கும்மா என்றார்.

மறுநாள் காலை மாப்பிள்ளை தானே லேப்டாப்பைத் திறந்து ஆடினார். முதல் கள்ளியில் செத்தார். மறுபடி ஆடினார். மறுபடி அதே கள்ளி. ரகசியத்தையும் மறந்து பூட்டைக் கூப்பிட்டார். பூட்டு அதை அணைத்து எழுப்பிக் கொடுத்தார். அதே கள்ளி. மதியத்துக்குள் ஒரு கூட்டம் போட்டார். சாயங்காலம் மேஸ்திரியிடம், திருகாணி கொஞ்சம் நீளமாகப் படுகிறதே என்று சொன்னார்.

அக்கா வீட்டில் தங்கையோடு சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது போன் வந்தது. அடிக்கட்டும் என்று விட்டாள். மறுபடி அடித்தது. மூன்றாம் முறை எடுத்தாள். கம்பெனிக்கு அவளுடைய அனுபவம் தேவைப்படுவதாக மாப்பிள்ளை சொன்னார். அக்கா தங்கையைப் பார்த்தாள். தங்கை இன்னும் கொஞ்சம் கேள் என்று கையால் ஜாடை காட்டினாள். வேறு பதவி, தனி அறை, அவர் மேஜைக்கு வருகிற எல்லாக் காகிதமும் முதலில் தன்னிடம் வர வேண்டும் என்றாள் அக்கா. அவர் யோசிக்கக்கூட இல்லை. சரி என்றார்.

காலையில் அவள் போனபோது அவர் திரைக்கு முன்னால் செத்த டைனோசரோடு உட்கார்ந்திருந்தார். இந்த முறை அவள் அவர் திரும்பும்வரை காத்திருக்கவில்லை. அவர் கண்ணெதிரிலேயே அந்தப் பெட்டியைத் திறந்து வரியை அடித்தாள். அவர் பார்த்துக்கொண்டே இருந்தார்.

"நான் நிஜமாவே நல்லா ஆடுறேனா?" என்று கேட்டார். குரல் சின்னப் பையன் குரல் போல இருந்தது.

அவளுக்கு முதல்முறையாக அவர் மேல் பாவமாக இருந்தது. பொய் சொல்ல மனம் வரவில்லை.

"கையை எடுத்துட்டுப் பாருங்க சார்."

அவர் பட்டனிலிருந்து விரலை எடுத்தார். டைனோசர் ஓடியது. கள்ளி வந்தது, அதற்குள் போய் வெளியே வந்தது. பறவை வந்தது. எண் ஏறிக்கொண்டே போனது.  அவர் கைகளை மடியில் வைத்துக்கொண்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தார். ஏதோ சொல்லப்போகிறார் என்று அவள் நினைத்தாள்.

அவர் நாற்காலியைக் கொஞ்சம் முன்னால் இழுத்துக்கொண்டார். விரலை மறுபடி பட்டனில் வைத்து, அடுத்த கள்ளிக்குக் குதித்தார். பேனாவோடு இடது கையை அவள் பக்கம் நீட்டினார். அக்கா அன்றைய காகிதங்களை அதன் கீழே வைத்தாள்.