மல்லாட்டைப் படத்தின் இரண்டாம் பாதி

கடலூர் எண்ணெய்க் கம்பெனி ஒன்று மல்லாட்டை என்கிற நிலக்கடலைச் சாகுபடியைப் படம் பிடிக்க, வடலூருக்குப் பக்கத்தில் கொளஞ்சியப்பன் கொல்லையைத் தேர்ந்தெடுத்தது. ஆடியில் விதைப்பு. அவன் முறுக்கு மீசையோடு ஏர் ஓட்ட, மனைவி விருத்தாம்பாள் பின்னால் விதை போட்டு வந்தாள். கார்த்திகையில் அறுவடையைப் பிடிக்க வந்தபோது அவள் இல்லை. விஷக்காய்ச்சல் மூன்றே நாளில் கொண்டுபோய்விட்டது. கருமாதிக்கு அவன் தலையும் மீசையும் மழித்திருந்தான்.

அவள் போனதிலிருந்து அவனுக்குச் சோறு இறங்கவில்லை. ஒரு வாய் வைப்பான், எழுந்துவிடுவான். இடுப்பில் வேட்டி நிற்கவில்லை. அதைப் பற்றி அவனுக்கு வருத்தமும் இல்லை.

"சிதம்பரத்துல ஆருத்ராவுக்குக் கூடுற ஜனத்துக்கு இதைக் காட்டியாகணும்பா," என்றார் படம் பிடிக்கும் ராமாமிர்தம், தயங்கித் தயங்கி. "தலைப்பாகை கட்டிக்கோ. மீசை நாங்க ஒட்டுறோம். கூழ் கொண்டாற ஒரு பொம்பளை வேணும், முதுகுதான் தெரியும். ஆடியில அவங்க கட்டியிருந்த சேலை இருக்கா?"

"எடுத்துக்குங்க."

பெட்டியைத் திறந்து கொடுத்தான்.

வாங்கிக்கொண்டவள் அமராவதி, விருத்தாம்பாளின் தம்பி மனைவி. மாதப் பூசம் தவறாமல் வடலூர் சபைக்குப் போகிறவள்.

"இவுரு சாப்புட்டே இருவது நாளாச்சுங்க சாமி," என்றாள். பிறகு, "படத்துல பேச்சு கேக்குங்களா?"

"கேக்காதும்மா."

"அப்ப அண்ணேன்னே கூப்புடுறேன்."

"பொண்டாட்டி வேசம் கட்டிக்கிட்டு அண்ணனா? நல்ல கூத்துடி," என்றாள் காய் ஆய்ந்துகொண்டிருந்த மாரியம்மாள். பெண்கள் சிரித்தார்கள். அவன் சிரிப்பு வராமல் நின்றான்.

காலிச் சட்டியே போதும் என்று ராமாமிர்தம் சொல்லியிருந்தார். அமராவதி இறக்கிய சட்டி கனத்தது. மோர் விட்டுக் கரைத்த கேழ்வரகுக் கூழைச் சொம்பில் ஊற்றி நீட்டினாள்.

"குடிக்கிற மாதிரி காட்டுப்பா."

சொன்னபடி வாயில் வைத்தான்.

"முழுங்குண்ணே," என்றாள் அவள், மெதுவாக.

முழுங்கினான். இறங்கியது. இன்னொரு மடக்கு. ஒட்டு மீசையில் கூழ் வழிந்தது.

கேமராவின் சத்தம் மாறியது. படச்சுருள் தீர்ந்தால் அப்படித்தான் கடகடக்கும் என்பதை அவன் ஆடியிலேயே கேட்டிருந்தான். ராமாமிர்தம் நிறுத்தவில்லை. கைப்பிடியைச் சுற்றிக்கொண்டே, "குடி குடி, படம் ஓடுது," என்றார். அந்தப் பொய்க்காக ஆண்டவன் அவரைக் கோபித்திருக்க மாட்டான்.

கொளஞ்சியப்பன் அவரைப் பார்த்தான். காலிச் சொம்பை மறுபடி அமராவதியிடம் நீட்டினான்.