நார்த்தாமலையில் ராஜமாதா

போஸ்டரில் குமாரி ரஞ்சனா என்று போட்டிருந்த பெண்ணின் சொந்தப் பெயர் பிரகதாம்பாள். புதுக்கோட்டையில் குதிரை வண்டி ஓட்டிய பெரியகருப்பனின் மூத்த மகள். அப்பாவின் குதிரையைக் குளத்துக்குத் தண்ணீர் காட்ட ஓட்டிப்போகும்போதெல்லாம் அதன் வெறும் முதுகில் ஏறி உட்கார்ந்து பழகியவள். ஊருக்கு வந்த நாடகக் கம்பெனியோடு ஒருநாள் கிளம்பிப் போனாள். 1948-இல் கோடம்பாக்கத்தில் ஆவுடையப்பன் என்ற படமுதலாளி அவளைப் பார்த்தார். "குதிரை ஏறுவியா?" என்று கேட்டார். நடிக்கத் தெரியுமா என்று கேட்கவில்லை. பிறகும் அவர் அதைக் கேட்டதே இல்லை.

அவர் எடுத்ததெல்லாம் சண்டைப் படங்கள். நல்ல படம் கிடைக்காத வாரத்தில் டூரிங் கொட்டகைக்காரர்கள் வாங்கி ஓட்டுவது. பிரகதாம்பாளுக்கு முகமூடி, சாட்டை, பிடித்துத் தைத்த கால்சட்டை. வசனம் என்றால் "நில்!", "விடாதே!" அவ்வளவுதான். போஸ்டரில் முகத்தைவிடத் தொடையைப் பெரிதாக வரைந்தார்கள். அறந்தாங்கிக் கொட்டகையில் அவள் படம் வந்தபோது விசில் பறந்ததாம். அவள் தம்பி கண்ணுசாமி அந்த வாரம் முழுக்கத் தலையைக் குனிந்துகொண்டுதான் ஆபீசுக்குப் போனானாம்.

கம்பெனியில் அவளிடம் மரியாதையாக நடந்துகொண்டது ராமு மட்டும்தான். ராமு ஒரு செவலைக் குதிரை. அவள் சேணத்தில் கை வைத்தால் போதும், தலையைத் திருப்பி அவள் தோளை முகர்ந்து பார்த்துவிட்டுத்தான் நடக்கும். மற்ற நடிகைகள் மேக்கப் அறையில் மத்தியானம் தூங்கும்போது அவள் கொட்டடியில் ராமுவுக்குக் கொள்ளு வைத்துக்கொண்டிருப்பாள்.

1953-இல் ஒரு படத்தின் கடைசிச் சண்டை. வாய்க்கால் மேட்டைத் தாண்டி ஓடி வரவேண்டும் என்று சொன்னார்கள். ஓடி வந்தாள். மேட்டுக்கு முன்னால் ராமுவின் முன்னங்கால்கள் இரண்டும் திடீரென்று பின்னால் இழுபட்டன. குதிரை தலைகீழாக விழுந்தது. அவள் அதைத் தாண்டிப் போய் விழுந்தாள். காறை எலும்பு முறிந்தது. மண்ணில் கிடந்தபடியே திரும்பிப் பார்த்தபோதுதான் ராமுவின் கால்களில் தோல் பட்டையும், அதிலிருந்து பின்னால் ஒரு முளைக்குச்சி வரைக்கும் ஓடிய கம்பியும் தெரிந்தன. ராமு எழுந்திருக்கப் பார்த்தது. கால் நிற்கவில்லை. மறுபடி பார்த்தது.

"பிரமாதம்! ஒரே டேக்!" என்று ஆவுடையப்பன் கை தட்டினார்.

"கம்பி கட்டியிருக்கீங்க. எங்கிட்ட ஏன் சொல்லலை?"

"சொன்னா நீ பயத்தைக் காட்டிருவே. இப்ப பாரு, எவ்வளவு நிஜமா வந்திருக்கு!"

ராமுவை ஒரு லாரியில் தூக்கிப் போட்டுக்கொண்டு போனார்கள். எங்கே என்று கேட்டாள். லாரி கிளம்பிவிட்டது. அவள் நல்ல கையால் மேக்கப் கண்ணாடியைத் தூக்கி ஆவுடையப்பன் மேல் எறிந்தாள். அவர் நெற்றி கிழிந்தது. அதோடு அவள் சினிமா முடிந்தது. குதிரைக்காக முதலாளியை அடித்தவள் என்று கோடம்பாக்கம் முழுக்கப் பேச்சு. வேறு எந்தக் கம்பெனியும் அவளைக் கூப்பிடவில்லை.

ஊருக்கு வந்தாள். அப்பா அதற்குள் செத்துப்போயிருந்தார். தம்பி கதவைத் திறந்தான்.

"இருக்கிறதுன்னா இருங்க அக்கா. வாசப் பக்கம் மட்டும் வர வேணாம். எனக்குப் பொண்ணு பாத்துக்கிட்டிருக்காங்க."

"நான் என்னடா, திருடிட்டா வந்தேன்?"

அவன் தெருவை எட்டிப் பார்த்தான். அவள் பெட்டியை எடுத்துக்கொண்டு, திருக்கோகர்ணம் போகும் ரோட்டில் அப்பா குதிரை கட்டியிருந்த கொட்டகைக்குப் போனாள். கூரையில் பாதி இல்லை. அங்கேயே இருந்துவிட்டாள்.

அந்த வருஷங்களில் பஸ் பெருகிக்கொண்டிருந்தது. குதிரை வண்டிக்காரர்களுக்குச் சவாரி குறைந்தது. சவாரி குறைந்தால் முதலில் குறைவது குதிரையின் தீனி. நொண்டிய குதிரையை ராத்திரியோடு ராத்திரியாக ஊர் எல்லையில் அவிழ்த்துவிட்டு வந்துவிடுவார்கள். அப்படி விட்ட குதிரைகளைப் பிரகதாம்பாள் பிடித்து வந்து கொட்டகையில் கட்டினாள். கழுத்துப் புண்ணோடு வந்த வண்டி மாடுகளுக்கு மருந்து போட்டாள். மாட்டாஸ்பத்திரி டாக்டரிடம் நின்று, கேட்டு, சில சமயம் சண்டை போட்டு, வேலையைக் கற்றுக்கொண்டாள். அன்பாகப் பேசி யாரையும் திருத்த அவளுக்குத் தெரியாது. வண்டியை மறித்துக்கொண்டு கத்துவாள். ஸ்டேஷன் ரோட்டில் அடைக்கலம் என்ற இளவட்டம் ஏழெட்டுப் பேரை ஏற்றிக்கொண்டு வந்தபோது, அவன் கையிலிருந்த சாட்டையைப் பிடுங்கி முறித்துப் போட்டாள்.

"எறங்குங்க எல்லாரும்! எறங்கி நடங்க! கால் இருக்குல்ல?"

"பொழப்பைக் கெடுக்காதீங்க அக்கா!"

"ஒன் பொழப்பு அது முதுகுலதானடா இருக்கு. அது செத்தா நீ வண்டியை இழுப்பியா?"

சினிமாக்காரி என்று முதுகுக்குப் பின்னால் சிரித்தார்கள். ஆனால் குதிரைக்கு வயிறு உப்பினால் அவளிடம்தான் ஓடி வந்தார்கள். அடைக்கலமும் வந்தான். அவன் வெள்ளைக் குதிரை குட்டி போட முடியாமல் தவித்தபோது ஒரு பகல் முழுக்கக் கூடவே இருந்து தாயைக் காப்பாற்றிக் கொடுத்தாள். அதன்பிறகு அவன் அவளை எதிர்த்துப் பேசியதில்லை. வண்டிக்காரர்களில் மூத்தவர் பிச்சைமுத்து. அவள் அப்பாவின் கூட்டாளி. அவர் மட்டும்தான் அவளை 'ஆத்தா' என்று கூப்பிடுவார். அவள் அவரைச் சித்தப்பா என்பாள். தம்பி கல்யாணத்துக்கு அவளை அழைக்காத அன்று, பிச்சைமுத்து தன் வீட்டுச் சோற்றைத் தூக்குவாளியில் கொண்டுவந்து கொடுத்தார்.

1962-இல் கொட்டகை வாசலில் ஒரு கார் வந்து நின்றது. ஆவுடையப்பன் இறங்கினார். தலைக்கு மை பூசியிருந்தார். நெற்றியில் அந்தத் தழும்பு அப்படியே இருந்தது.

"ரஞ்சனா, நார்த்தாமலைப் பாறையில ராஜா படம் எடுக்கறேன். ஊர்க் குதிரையெல்லாம் வேணும். உன் பேச்சைத்தான் வண்டிக்காரங்க கேப்பாங்களாம்."

"போயிருங்க. இல்லாட்டி அந்தப் பக்கமும் கிழிப்பேன்."

அவர் நகரவில்லை. "ராஜமாதா வேஷம் ஒண்ணு இருக்கு. மூணு பக்கம் வசனம். உன்னை நினைச்சுத்தான் எழுதச் சொன்னேன். அப்ப உனக்கு நான் ஒரு வரி கொடுத்தேனா? தப்புதாம்மா."

பொய் என்று அவளுக்குத் தெரியும். ஆனாலும் அந்த மூன்று பக்கம் அவள் தொண்டையில் போய் உட்கார்ந்துகொண்டது.

"கம்பி இருக்கக் கூடாது," என்றாள். "ஒரு குதிரைக்கும்."

"கம்பியே கிடையாது. எந்த அம்மன் பேரை உனக்கு வச்சாங்களோ, அந்தத் திருக்கோகர்ணத்து அம்மன் மேல சத்தியம்."

நம்பினாள். நம்ப ஆசையாக இருந்தது, அதனால் நம்பினாள். அவளே வண்டி ஸ்டாண்டுக்குப் போய், குதிரைகளைக் கொண்டுவரச் சொல்லி எல்லாரையும் கேட்டுக்கொண்டாள்.

முதல் நாள் பாறை மேல் பட்டுப்புடவையும் கிரீடமுமாக நின்று வசனத்தைச் சொன்னாள். போருக்குப் போகும் மகனிடம் தாய் பேசுவது. வேடிக்கை பார்க்க வந்திருந்த ஜனம் சத்தமில்லாமல் கேட்டது. வயலில் இருந்து வந்த ஒரு பெண் முந்தானையால் கண்ணைத் துடைத்தாள். காமிராக்காரர் எழுந்து நின்று கும்பிட்டார். இந்தக் குரல் இத்தனை வருஷம் எங்கே கிடந்தது என்று பிரகதாம்பாளுக்கே தெரியவில்லை. சாயங்காலம் வேஷத்தைக் கலைக்க மனசில்லாமல் உட்கார்ந்திருந்தாள். அடைக்கலம் வந்து, "அக்கா, நீங்க பேசுனதுல எனக்கு மயிர்க்கூச்செறிஞ்சு போச்சு" என்றான். அவள் அவனைத் திட்டவில்லை. அதுவே அவனுக்கு ஆச்சரியமாக இருந்தது.

மறுநாள் போர்க் காட்சி. அவளுக்கு மத்தியானத்துக்கு மேல்தான் வேலை என்று சொல்லிக் கூடாரத்தில் உட்காரவைத்தார்கள். ஒரு பெண் அவளுக்குப் புருவம் தீட்டிக்கொண்டிருந்தாள். அப்போது அந்தச் சத்தம் கேட்டது. எலும்பும் தோலும் ஒரேயடியாகத் தரையில் மோதுகிற சத்தம். அதற்குப் பின்னால் குதிரை கத்தியது.

பிரகதாம்பாள் அரைப் புருவத்தோடு வெளியே ஓடினாள்.

பிச்சைமுத்துவின் குதிரை மருது பாறையடியில் புழுதிக்குள் கிடந்தது. முன்னங்கால் ஒன்று முட்டியில் பிசகித் திரும்பியிருந்தது. கால்களில் தோல் பட்டை. கம்பி வெயிலில் பளபளத்தது. சற்றுத் தள்ளி ஆவுடையப்பன், "அடுத்தது வெள்ளைக் குதிரை! சீக்கிரம்!" என்று கத்திக்கொண்டிருந்தார். அடைக்கலத்தின் வெள்ளைக் குதிரைக்கு ஓர் ஆள் பட்டையை மாட்டிக்கொண்டிருந்தான்.

"என்னடா அது?"

"அலங்காரம்னு சொன்னாங்க அக்கா," என்றான் அடைக்கலம். அப்புறம்தான் மருது கிடந்த இடத்தைப் பார்த்தான்.

அவள் ஆவுடையப்பனிடம் போனாள். "சத்தியம் பண்ணுனீங்க."

"இங்க பாரு, உன் சீன் இன்னும் பாதி இருக்கு. பேசாம போய் உக்காரு. இல்லேன்னா நேத்து எடுத்ததையும் வெட்டி எறிஞ்சுருவேன்."

"எறிங்க."

அதை வேறு யாரோ சொன்னதுபோல் இருந்தது அவளுக்கு. நேற்று அவள் பேசிய பேச்சு, அந்தப் பெண்ணின் கண்ணீர், எல்லாம் போகட்டும். தானே ஸ்டாண்டுக்குப் போய்க் கேட்டு வரவழைத்த குதிரைகள் இவை. அந்த நினைப்பு வந்ததும் உடம்பு முழுக்கத் தீப்பிடித்தது. வெள்ளைக் குதிரையின் காலிலிருந்த பட்டையை அவிழ்த்து வீசினாள். ஓடி வந்தவனைத் தள்ளிவிட்டு, பட்டுப்புடவையை இழுத்துச் செருகிக்கொண்டு, குதிரைமேல் தாவி ஏறினாள்.

காமிரா ஓடிக்கொண்டிருந்தது. ஈட்டி பிடித்த படைகள் மோத வந்த இடத்தில், கிரீடம் வைத்த ராஜமாதா குறுக்கே பாய்ந்தாள். "குதிரையைக் கொல்றானுவ! எறங்குங்கடா!" என்று கத்திக்கொண்டே காமிராவுக்கு நேரே வந்து திரும்பினாள்.

"கட்! கட்! பிலிம் போச்சு!"

மறுபடி எடுத்தார்கள். மறுபடி பாய்ந்தாள். பிடிக்க வந்தவர்களால் பாறைக்கும் பாறைக்கும் நடுவே ஓடும் குதிரையை நெருங்க முடியவில்லை. பழைய முறிவு வலித்தது. கடிவாளத்தை மற்றக் கைக்கு மாற்றிக்கொண்டாள். கிரீடம் எங்கோ விழுந்தது. வேடிக்கை பார்த்த ஜனம் முதலில் சிரித்தது. பிறகு அவள் கத்துவது காதில் விழுந்ததும் சிரிப்பு நின்றது. அடைக்கலம் வரிசையாகப் போய் ஒவ்வொரு குதிரையின் காலிலும் இருந்த பட்டையை அவிழ்த்தான். இரண்டு வண்டிக்காரர்கள் அவனைத் தடுத்தார்கள். மற்றவர்கள் தங்கள் குதிரையைப் பிடித்துக்கொண்டு பேசாமல் ரோட்டைப் பார்த்து நடந்தார்கள்.

ஆவுடையப்பன் நாற்காலியை எட்டி உதைத்தார். "பைத்தியக்காரி! நீ ஜென்மத்துக்கும் குதிரைக்காரிதான்டி!"

"ஆமா," என்றாள் அவள், குதிரைமேல் இருந்தபடியே. "அதைக் கேட்டுத்தானே என்னைச் சேத்தீங்க!"

கம்பெனி மறுநாளே மூட்டை கட்டிக்கொண்டு போய்விட்டது. கொஞ்ச நாளில் படம் வந்தது. ராஜமாதாவாக வேறொருத்தி. மருது விழுந்த காட்சி மட்டும் அப்படியே இருந்ததாகச் சொன்னார்கள். அவள் பார்க்கப் போகவில்லை.

வண்டிக்காரர்கள் அவளைத்தான் ஏசினார்கள். எத்தனையோ மாசத்துக்கு அப்புறம் வந்த வேலையைக் கெடுத்தவள் என்றார்கள். அவளும் விடவில்லை. ஸ்டாண்டுக்கு நடுவில் நின்று, "ஒங்க குதிரை நாக்கு இருந்து பேசியிருந்தா ஒங்க மொகத்துல காறித் துப்பியிருக்கும்" என்றாள். அதன்பிறகு பல நாள் கொட்டகைக்கு அடைக்கலத்தைத் தவிர யாரும் வரவில்லை.

மருதுவை மாட்டு வண்டியில் ஏற்றி அவள்தான் கொண்டுவந்தாள். டாக்டர் முட்டியை ஏற்றிக் கட்டினார். பிழைக்கும், ஆனால் இனி வண்டி இழுக்காது என்றார்.

ஒரு காலையில் பிச்சைமுத்து புல்லுக்கட்டோடு வாசலில் வந்து நின்றார்.

"ஆத்தா."

அவள் திரும்பிப் பார்க்கவில்லை. மருதுவின் கட்டை அவிழ்த்துக்கொண்டிருந்தாள்.

"கம்பி கட்டுவாங்கன்னு எனக்கு முன்னாடியே தெரியும் ஆத்தா. மொத நாளே எங்கிட்டச் சொன்னாங்க. சும்மா விழும், தானா எந்திரிச்சுக்கும்னாங்க. ஒங்கிட்டச் சொல்ல வேணாம்னாங்க."

அவள் கை நின்றது. ஆவுடையப்பன் செய்ததுகூட அவளை இப்படித் தாக்கவில்லை.

"தெரிஞ்சேவா சித்தப்பா?"

அவர் தலையைக் குனிந்தார்.

"என் கண்ணு முன்னால நிக்காதீங்க. புல்லைப் போட்டுட்டுப் போங்க."

போனார். மறுநாளும் வந்தார். அதற்கு மறுநாளும். அவள் பேசவில்லை. புல்லைப் போட்டுவிட்டு, மருதுவைத் தூரத்திலிருந்தே பார்த்துவிட்டுப் போவார். அது அவர் சத்தம் கேட்டுக் காதைத் திருப்பும். அதைப் பார்க்கும்போதெல்லாம் பிரகதாம்பாளுக்குக் கோபம் இன்னும் ஏறும். இவரிடம் இதற்கு எந்தக் கோபமும் இல்லையே என்று அந்தக் குதிரைமேலும் ஏறும்.

மழைக்காலம் தொடங்கிய பிறகு ஒருநாள் அவர் நனைந்துகொண்டே வந்து நின்றார்.

"உள்ள வாங்க," என்றாள்.

வந்தார். அவள் எண்ணெய்க் கிண்ணத்தை அவர் முன்னால் தரையில் வைத்தாள்.

"காலை, மாலை ரெண்டு வேளையும் முட்டியைத் தேய்ச்சு விடணும். நெதம் வரணும். ஒருநாள் வரலேன்னாலும் வீட்டுக்கே வந்து கத்துவேன்."

"வாரேன் ஆத்தா."

"ஒங்க மேல கோவம் போகலை. போகவும் போகாது. அதை நெனைச்சுக்கிட்டே தேய்ங்க."

பிச்சைமுத்து மண்டியிட்டு உட்கார்ந்து எண்ணெயைக் கையில் ஊற்றிக்கொண்டார். மருது வலித்த காலை மெல்ல நீட்டிக் கொடுத்தது. பிரகதாம்பாள் பக்கத்திலேயே நின்று, "இன்னும் கீழே, இன்னும் கீழே" என்று அதட்டிக்கொண்டிருந்தாள்.