சாம்பல் தேய்த்த கை

அம்மை வராமலிருக்கப் பிள்ளைகள் கையில் அம்மைப்பால் குத்த ஆள் வந்திருப்பதாகவும், பிள்ளையைக் காட்டாதவர்களைக் தாலுகா கச்சேரிக்கு இழுப்பார்கள் என்றும் தலையாரி சொல்லிப்போனான். ராமுத்தாய் சின்னவளை இழுத்து அணைத்துக்கொண்டாள். மூத்தவனுக்குக் குத்தியபோது கை வீங்கி, காய்ச்சலில் பிள்ளை கண்ணே திறக்கவில்லை. பிழைத்துக்கொண்டான். அவளைப் பிடித்த பயம்தான் விடவில்லை.

சின்னவள் அய்யம்மாளைத் தூக்கிப்போய் எல்லோர் முன்னாலும் அம்மைப்பால் குத்த விட்டாள். வீட்டுக்கு வந்ததும் கொல்லையில் சாம்பல் போட்டு அந்தக் கையை அழுந்தக் கழுவிவிட்டாள். குத்தினது நின்றதா என்று தழும்பு பார்க்க ஆள் வந்தபோது பிள்ளையைக் கூடலூரில் அத்தை வீட்டுக்கு அனுப்பியிருந்தாள்.

மறு பங்குனியில் கம்பம் ஊரில் அம்மை கண்டது. அய்யம்மாளுக்கு உடம்பெல்லாம் முத்து. ராமுத்தாயின் புருஷன் சுருளியாண்டி மேகமலையில் ஏலத்தோட்ட வேலையில் இருந்தான். உறவுக்காரர்கள் வாசலோடு திரும்பினார்கள். பக்கத்து வீட்டு சுல்தான் பீவிதான் கஞ்சியோடு உள்ளே வந்தாள்.

"வராதீகக்கா, கைப்பிள்ளக்காரி நீங்க."

"எனக்குச் சின்னதுலயே குத்திட்டாக. நீ மொதல்ல குடி."

அய்யம்மாள் முகமெல்லாம் தழும்போடு எழுந்தாள். பீவியின் கைக்குழந்தை அபுபக்கருக்கும் அம்மை தொற்றியது; அவன் எழவில்லை. அவனுக்கு இன்னும் குத்தியிருக்கவில்லை. ராமுத்தாய் அழுதாள். கொல்லையில் செய்ததை மட்டும் சொல்லவில்லை.

இரண்டு வருஷம் கழித்து அம்மைப்பால்காரர் மறுபடி வந்தார். பீவி தன் புதுக்குழந்தை பாத்திமாவை இறுக்கிக்கொண்டு கதவைச் சாத்தப் போனாள்.

"குத்தி என்னத்தக் கண்டோம் ராமுத்தாயி? ஒம்மகளுக்குக் குத்தியும் வந்துச்சே!"

தெருப் பெண்களும் அதையே சொல்லிக்கொண்டு நின்றார்கள். ராமுத்தாய் பாத்திமாவைப் பார்த்தாள். தன் வாயை இனியும் மூடினால் இந்தப் பிள்ளையும் போய்விடும்.

"அவளுக்குக் குத்துனது நிக்கலக்கா. நாந்தான் சாம்பலப் போட்டுக் கழுவிட்டேன்."

பீவி அவளையே பார்த்தாள். திட்டுவாள், அடிப்பாள் என்று ராமுத்தாய் காத்து நின்றாள். பீவி பாத்திமாவைத் தூக்கிப்போய் அம்மைப்பால்காரரிடம் அவள் கையைக் காட்டினாள். மற்ற பெண்களும் பின்னாலேயே போனார்கள்.

அன்றோடு பீவி ராமுத்தாயிடம் பேசுவதை நிறுத்திவிட்டாள். விவரம் தெரியாத அய்யம்மாள் எப்போதும்போல் அந்த வீட்டுக்கு ஓடுவாள். பீவி அவளை மடியில் இருத்தித் தலை வாரிவிடுவாள். அவர்கள் பேசிச் சிரிக்கும் சத்தம் சுவரைத் தாண்டிக் கேட்கும்போதெல்லாம் ராமுத்தாய் கைவேலையைப் போட்டுவிட்டு அப்படியே உட்கார்ந்துவிடுவாள்.