அருள்ராஜுக்கு நான் நின்ற ஜாமீன்

தன் கூட்டாளி விருது வாங்கிவிடக் கூடாது என்று சாமி கும்பிட்டவன் உலகத்திலேயே நான் ஒருவனாகத்தான் இருப்பேன். கெட்ட எண்ணமெல்லாம் இல்லை. அவன் ஜெயித்தால் என் கல்யாணம் நின்றுபோகும், அவ்வளவுதான்.

அதுவும் என்ன விருது? அமெரிக்காவில் வருஷா வருஷம் ஸ்பானிஷ் பாட்டுக்காரர்களுக்கு ஒரு விழா எடுக்கிறார்கள். அதில் ‘லத்தீன் ஆல்டர்நேட்டிவ் ஆல்பம்’ என்று ஒரு பிரிவு. ராக் என்றும் சொல்ல முடியாமல், அவர்கள் ஊர்ப் பழைய பாட்டு என்றும் சொல்ல முடியாமல், நடுவில் நிற்கிற பாட்டுகளை அதில் போடுவார்களாம். அருள்ராஜ் எனக்கு விளக்கியது இது. எனக்குப் புரிந்ததோ இல்லையோ, இந்தப் பரமக்குடிக் கார்மேகத்துக்கும் அந்த விருதுக்கும் எப்படியோ முடிச்சு விழுந்துவிட்டது.

நானும் அருள்ராஜும் துபாயில் ஒரே கம்பெனி. ஹோட்டல் விழாக்களுக்கு மேடை, லைட், சவுண்டு எல்லாம் போட்டுக் கொடுப்பது எங்கள் தொழில். நான் லைட் கட்டுகிறவன், அவன் சவுண்டு. நாசரேத் பக்கத்துப் பையன். சத்வாவில் எங்கள் ரூமில் என் கட்டிலுக்கு மேல் கட்டில் அவனுடையது.

தேராவில் ஒரு ஹோட்டலுக்குக் கொலம்பியாவிலிருந்து ஒரு குழு கான்ட்ராக்டில் பாட வந்தது. பாடுகிறவள் பெயர் மார்செலா. சாப்பிட வருகிறவர்களுக்கு, அவர்கள் கேட்டுப் பழகிய பாட்டுகளையே பாடுவாள். பகலில் ஹால் காலியாகக் கிடக்கும். அப்போது தன் சொந்தப் பாட்டுகளைப் பாடுவாள், அருள்ராஜ் பதிவு செய்வான். நடுவில் டிரம்ஸ்காரன் சண்டை போட்டுக்கொண்டு ஊருக்குப் போய்விட்டான். இவன் மைக்கைத் தூக்கிக்கொண்டு ஊருக்கு நடுவில் ஓடும் க்ரீக் என்கிற கடல்கழிக்குப் போய், அக்கரைக்கு ஆள் ஏற்றுகிற அப்ரா படகின் இன்ஜின் சத்தத்தைப் பிடித்து வந்தான். அந்த டுபுடுபுவையே பாட்டுக்குத் தாளமாக ஓடவிட்டான். நாங்கள் சிரித்தோம்.

சிரித்த வாய் மூடுவதற்குள் அது ஆல்பமாக வந்து, விருதுக்குப் போட்டியிடும் பட்டியலிலும் ஏறிவிட்டது. ஜெயித்தால் பாடியவளுக்கு மட்டுமில்லை, பதிவு செய்தவனுக்கும் ஒரு சிலை உண்டாம். விழாவுக்கு வரச் சொல்லி அவனுக்கு அழைப்பு வந்தது. அமெரிக்க விசாவும் கிடைத்தது. விசா குத்துவதற்குக் கம்பெனி ஆளே கூடப் போய், குத்திய கையோடு பாஸ்போர்ட்டைத் திரும்ப வாங்கி வந்து பெட்டியில் வைத்துப் பூட்டினார்.

எங்கள் எல்லோருடைய பாஸ்போர்ட்டும் அந்த இரும்புப் பெட்டியில்தான் இருக்கும். ஒருவன் ஊருக்கோ வேறு நாட்டுக்கோ போக வேண்டுமென்றால் இன்னொருவன் ஜாமீன் நிற்க வேண்டும். போனவன் திரும்பி வரும்வரை நின்றவனுக்கு லீவும் இல்லை, விசாவைக் கேன்சல் பண்ணி வேலையை விட்டுப் போவதும் இல்லை. ஒருவன் ஒருவனுக்குத்தான் நிற்கலாம். சட்டப்படி பார்த்தால் பாஸ்போர்ட்டைப் பூட்டி வைப்பதே தப்பு. அதை முதலாளியிடம் போய் யார் சொல்வது? விஜயபாஸ்கர் என்று ஒருவன், அப்பா செத்துப்போனார் என்று அழுதவனுக்காக நின்றான். அழுதவன் ஊரிலேயே மளிகைக்கடை போட்டு உட்கார்ந்துவிட்டான். விஜயபாஸ்கர் ரெண்டு வருஷமாக இங்கேயே கிடக்கிறான். அவன் இருக்கும்போது யாரும் ஊர்ப் பேச்சை எடுப்பதில்லை.

இந்த லட்சணத்தில்தான் எனக்குத் தை மாதம் கல்யாணம். பெண் பெயர் அகிலா. லீவு கிடைக்காமல் ஏற்கெனவே ரெண்டு தடவை தேதி தள்ளிப்போயிருந்தது. இன்னொரு தடவை தள்ளினால் வேறு மாப்பிள்ளை பார்த்துக்கொள்வதாக அவள் அப்பா என் அம்மாவிடம் முகத்துக்கு நேராகவே சொல்லிவிட்டார். அகிலா போனில் கோபப்படமாட்டாள். “இந்தத் தடவ வந்துருவீகள்ல?” என்று மட்டும் கேட்பாள். அதற்குத் திட்டியிருந்தால் தேவலை.

அருள்ராஜ் ரூமில் ஒவ்வொரு கட்டிலாகப் போய் உட்கார்ந்து கேட்டுப் பார்த்தான். ஒருவனும் அசையவில்லை. என்னிடம் மட்டும் கேட்கவில்லை. என் கல்யாணம் அவனுக்குத் தெரியும். கேட்டிருந்தால் முடியாது என்று சொல்லிவிட்டு நிம்மதியாகத் தூங்கியிருப்பேன். கேட்காமல் மேல் கட்டிலில் புரண்டுகொண்டே கிடந்தான். எனக்கு அதுதான் பொறுக்கவில்லை. மறுநாள் கலீல் ரஹ்மான் முன்னால் போய் நின்றேன்.

கலீல் பாய் கம்பெனியின் பி.ஆர்.ஓ. விசா, லேபர் கார்டு, பெட்டிச் சாவி எல்லாம் அவர் பொறுப்பு. அதிராம்பட்டினத்துக்காரர், நல்ல மனுஷன். இந்த மாதிரி வேலைக்கு நல்ல மனுஷனாகப் பார்த்துத்தான் வைப்பார்கள்.

“யோசிச்சிட்டியா கார்மேகம்? அமெரிக்கா போறவன் திரும்பி வருவானா?”

“வருவான் பாய்.”

“ஜெயிச்சுட்டா?”

அதை நான் யோசித்திருக்கவே இல்லை. கையெழுத்தைப் போட்ட பிறகுதான் யோசிக்க ஆரம்பித்தேன்.

தோற்றால் தலையைத் தொங்கப்போட்டுக்கொண்டு வந்துவிடுவான். ஜெயித்துவிட்டால் எவனாவது இந்த ரூமுக்குத் திரும்பி வருவானா? நானாக இருந்தால் வரமாட்டேன். அவன் விமானம் ஏறிய நாளிலிருந்து, தோற்றுப்போகட்டும் தோற்றுப்போகட்டும் என்று எங்கள் குலசாமியைப் போட்டு நச்சரித்தேன். பாவம், முனியப்பசாமிக்கு லத்தீன் பாட்டைப் பற்றி என்ன தெரியும்?

விழா அங்கே வியாழன் சாயங்காலம் என்றால் எங்களுக்கு வெள்ளிக்கிழமை காலை. லீவு நாள். துணி துவைக்கிறதைக்கூட அப்படியே போட்டுவிட்டு எல்லோரும் கௌஸ் முகம்மதுவின் இன்டர்நெட் கடையில் போய்க் குவிந்துவிட்டோம். அவர் கீழக்கரைக்காரர், எங்கள் தெருமுனையில்தான் கடை.

“அதென்ன தம்பி ஆல்டர்நேட்டிவ்? டூட்டிக்கு ஒருத்தன் வரலேன்னா மாத்து ஆள் போடுவாங்களே, அதுவா?” என்றார் கௌஸ் முகம்மது.

எல்லோரும் சிரித்தார்கள். விஜயபாஸ்கர் மட்டும் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தான். கம்ப்யூட்டரில் ஜெயித்தவர்கள் பட்டியல் மெதுவாகத் திறந்தது. மார்செலாவின் பெயரும் அதற்குக் கீழே சின்ன எழுத்தில் அருள்ராஜின் பெயரும் வந்ததும் கடையே அதிர்ந்தது. ஒருவன் மேசையைத் தட்டினான், ஒருவன் அப்ரா மாதிரி டுபுடுபு என்று வாயாலேயே ஓட்டினான். கௌஸ் முகம்மது எல்லோருக்கும் டீ சொன்னார். “ஜாமீன் நின்ன மகராசன்!” என்று என்னைத் தோளில் தூக்கப் பார்த்தார்கள். சந்தோஷம் வந்தது, அது பொய்யில்லை. ஆனாலும் டீயைக் குடிக்காமல் வைத்துவிட்டு வெளியே வந்தேன். விஜயபாஸ்கர் பின்னாலேயே வந்து, ஒரு சிகரெட்டை நீட்டினான். எனக்குப் பழக்கமில்லை என்பது அவனுக்குத் தெரியும்.

மறுநாள் மத்தியானம் ஒரு ஹோட்டல் ஹாலில், யாருடைய கல்யாணத்துக்கோ லைட் கட்டிக்கொண்டு உயரத்தில் நின்றேன். மொபைல் அடித்தது.

“அண்ணாச்சி, நாந்தான்.”

“ஜெயிச்சிட்டியேடா!”

“மேடையில உங்க பேரச் சொல்லணும்னு இருந்தேன். நேரம் தரல.”

“அது கிடக்கட்டும். திங்கக்கிழம வர்றீல்ல?”

“மார்செலா இங்கனயே இருக்கச் சொல்லுதா. பொங்கல் கழிச்சு டூர் ஆரம்பிக்காவளாம். ஊர் ஊராப் போணும். சவுண்டு நாந்தான் பாக்கணுமாம். பேப்பரெல்லாம் அவங்களே பாத்துக்கிடுவாவளாம்.”

“நீ என்ன சொன்ன?”

“அண்ணாச்சிட்ட கேட்டுட்டுச் சொல்லுதேன்னேன்.”

எனக்குக் கோபம் தலைக்கேறிவிட்டது. ஓடிப்போகிறவன் சொல்லாமல் ஓட வேண்டியதுதானே? அந்த மளிகைக்கடைக்காரன் போன் போட்டு அனுமதி கேட்டுவிட்டா ஓடினான்? விஜயபாஸ்கருக்குத் திட்டுவதற்காவது ஒரு ஆள் இருக்கிறான். இவன் தன்னைப் பூட்டச் சொல்லிச் சாவியை என் கையிலேயே கொடுக்கிறான்.

“வந்துரு” என்றேன்.

“சரி அண்ணாச்சி.”

கொஞ்சம் மல்லுக்கு நின்றிருந்தால் நானும் ரெண்டு வார்த்தை கத்தியிருப்பேன். அப்படிச் சட்டென்று சரி என்றதும் எனக்கே என்னவோ போலிருந்தது. “முறையா கேன்சல் பண்ணிட்டுப் போனா அவ சேத்துக்கிட மாட்டாளா?” என்று கேட்டேன்.

“சேத்துக்கிடுவா. பொங்கலுக்குள்ள வந்துரணும். இல்லாட்டி வேற ஆளப் போட்டுருவாவ.”

அப்பாடா என்று இருந்தது. அவன் வந்தால் என் ஜாமீன் தீரும். நான் தாலி கட்டப் போவேன், அவன் கேன்சல் போட்டுவிட்டு டூருக்குப் போவான். யாருக்கும் குறையில்லை. இதை நினைத்துக்கொண்டு அன்றைக்குப் பாட்டுப் பாடிக்கொண்டே லைட் கட்டினேன்.

சொன்னபடி திங்கட்கிழமை வந்துவிட்டான். விமான நிலையத்திலேயே கலீல் பாய் பாஸ்போர்ட்டை வாங்கிக்கொண்டார். கம்பெனியில் கேக் வெட்டினார்கள். முதலாளி சிலையைக் கையில் வாங்கி அருள்ராஜோடு போட்டோ எடுத்துக்கொண்டார். “கம்பெனிக்கே பெருமை” என்று சொல்லி, அதை வரவேற்பறைக் கண்ணாடி அலமாரியில் வைத்துவிட்டார். அவன் கேட்டபோது, கேன்சல் பண்ணும்போது எடுத்துக்கொள்ளலாம் என்று சொன்னார்கள். கேன்சலும் புதுவருஷ வேலை முடிந்த பிறகுதானாம்.

பிறகுதான் என் லீவுக்கு ஜாமீன் தேட ஆரம்பித்தேன். சீசன் நேரம். கிறிஸ்துமஸ், புதுவருஷம், ஷாப்பிங் ஃபெஸ்டிவல் என்று வேலை குவிந்து கிடந்தது. எல்லோரும் யாருக்காவது நின்றிருந்தார்கள், இல்லாவிட்டால் தாங்களே கிளம்பிக்கொண்டிருந்தார்கள். மற்ற ரூம்களிலும் போய்க் கேட்டேன். முகம் தெரியாத பெங்காலிக் கார்பெண்டரிடம்கூட “பாய், பாய்” என்று கெஞ்சினேன். அருள்ராஜிடம் கேட்கவில்லை. அவன் எனக்கு நின்றால் நான் திரும்பி வரும்வரை அவனால் கேன்சல் போட முடியாது. நான் தாலி கட்டித் திரும்புவதற்குள் பொங்கல் போய்விடும். மார்செலாவும் போய்விடுவாள்.

டிக்கெட் உறுதி செய்ய வேண்டிய கடைசி நாள், கலீல் பாயிடம் லீவைத் தள்ளிப்போடச் சொல்லத்தான் போனேன். அகிலாவிடம் எப்படிச் சொல்வது என்று வழியெல்லாம் மனசுக்குள் பேசிப் பார்த்தேன். ஒரு வாக்கியம்கூடத் தேறவில்லை.

அவர் நான் வாய் திறப்பதற்கு முன்பே என் பாஸ்போர்ட்டை மேசைமேல் வைத்தார்.

“யாரு பாய் நின்னது?”

“அருள்ராஜ். காலையில வந்து கையெழுத்துப் போட்டுட்டான்.”

“அவன் கேன்சல் போடணுமே பாய்!”

“நானும் சொன்னேன். நீ திரும்பி வராட்டி தன் கதி என்னன்னு அவன் கேட்கவே இல்ல. கல்யாணம் என்னைக்குன்னு மட்டும் கேட்டான்.” அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். “உனக்கு வேணாம்னா இப்பவே சொல்லு. இதக் கிழிச்சுப் போட்டுர்றேன். அவன் பாட்டுக்குப் போயிருவான். உன் பாஸ்போர்ட் திரும்பப் பெட்டிக்குப் போயிரும்.”

எனக்கு அழுகை வந்தது. அருள்ராஜ்மேல் கோபம், கலீல் பாய்மேல் கோபம், அந்தப் பெட்டியைக் கண்டுபிடித்தவன்மேல் கோபம். என்மேல் வந்ததைத் தனியாகச் சொல்ல வேண்டியதில்லை. கிழித்துவிடுங்கள் என்று சொல்ல வாயைத் திறந்தேன். கை அதுபாட்டுக்குப் பாஸ்போர்ட்டை எடுத்துச் சட்டைப் பைக்குள் வைத்துப் பித்தானையும் போட்டது.

“கிழிக்கவா?” என்று மறுபடியும் கேட்டார்.

“வேண்டாம் பாய்” என்றேன்.