மன்னிப்புக்குக் கொளுத்திய சரம்

பகலெல்லாம் எரிந்து களைத்த கதிரவன், எஞ்சிய ஒளியில் ஒரு பிடியைத் தொழிலாளர் விரல்களில் ஒட்டிய வெள்ளிநிற வெடிமருந்துத் துகளுக்கு ஈந்துவிட்டு, கரிசற்காட்டு வேலிக்கருவைகளின் பின்னே மெல்ல மறைந்துகொண்டிருந்த மாலைப்பொழுதில் நாரணாபுரம் புகையின்றித் தெளிந்து கிடந்தது. அவ்வேளையில், வெடித்தொழில் வேந்தரும், கோயிற் கல்வெட்டுகள்தோறும் தம் பெயரைத் தம் செலவிலேயே பொறித்துக்கொண்ட வள்ளலுமாகிய காளீஸ்வரனார், மதுரை உயர்நீதிமன்றக் கிளையில் தலை தாழ்த்தி மன்னிப்பு வேண்டிச் சிறை தப்பியவராய், மகிழுந்தில் ஊர் திரும்பிக்கொண்டிருந்தார்.

அறிவுடையீர், அவர் பிழையைக் கேண்மின். புதிதாய்ச் செய்த வெடிகளை ஆலையின் பின்புறத்து வெற்றுநிலத்தில் வெடித்துப் பார்ப்பது அவர் வழக்கம். அருகே கோழி வளர்த்துப் பிழைக்கும் அய்யம்மாள், ஒவ்வொரு வெடிக்கும் அடைக்கோழிகள் அலறியெழுந்தோட, முட்டைகள் குஞ்சு காணாமலே கெட்டழிவதைக் கண்டு வழக்குத் தொடுத்தாள். அங்கே வெடி கொளுத்தலாகாதென நீதிமன்றம் தடை விதித்தது. "கோர்ட்டு மதுரையில இருக்கு, வெடி இங்கனதான இருக்கு!" என நகைத்த காளீஸ்வரனார், மறுநாளே கொளுத்தினார். நீதிமன்ற அவமதிப்பு வழக்கு மூண்டது. ஊர் திரும்பிய அன்று காலைதான் நீதியரசர், "இனி அந்நிலத்தில் ஒரு வெடி வெடித்தாலும் சிறைதான். ஆணை நிறைவேறுகிறதா என்று வழக்கறிஞர் ஆணையர் இன்றே நேரில் காண்பார்" என எச்சரித்து விடுத்திருந்தார்.

மகவு பிறந்தாலும் முதியோர் இறந்தாலும் வெடியின்றி எதுவும் நிறைவுறாத ஊர் அது. முதலாளி சிறை தப்பிய செய்தி கைப்பேசியில் வந்ததும், மேற்பார்வையாளன் வெள்ளைத்துரை ஆலையிலேயே மிக நீளமான சரவெடியைத் தேர்ந்தெடுத்தான். அத்துணை நீளத்துக்கு இடம் வெற்றுநிலத்தில்தான் இருந்தது.

வேலிக்கு அப்பாலிருந்து அய்யம்மாள் கேட்டாள்: "ஏலே வெள்ளைத்துரை, எதுக்குலே இம்புட்டு நீளம்?"

"மொதலாளி செயிலுக்குப் போகலைல்லக்கா! அந்தச் சந்தோசத்துக்குத்தான்."

"கோர்ட்டுல என்ன சொல்லிட்டு வாராகன்னு கேட்டியாலே?"

"அதெல்லாம் பெரிய ஆளுக விசயம்க்கா."

"அப்பச் சரி. நல்லா வெடி" என்று சொல்லி, குடிலுக்குள் மோர் அருந்திக்கொண்டிருந்த ஆணையருக்கு இன்னொரு குவளை ஊற்றினாள்.

மகிழுந்து வந்தது, முதலாளியின் தோளில் பூமாலை விழுந்தது. பகலெல்லாம் வளைந்திருந்த கழுத்து, மாலையின் பாரம் பட்டதும் மூங்கிலென நிமிர்ந்தது. புகழ் கேட்டபடியே அவர் வெற்றுநிலம்வரை நடத்திச் செல்லப்பட்டார். சிறப்புப் பெறுபவரே முதல் திரியைக் கொளுத்துவது அவ்வூர் மரபு. கனலும் ஊதுவத்தி கையில் திணிக்கப்பட்டது. முப்பதாண்டுப் பழக்கமுடைய அந்தக் கை, அறிவின் இசைவுக்குக் காத்திராமல் திரியைத் தொட்டது.

"ஐயையோ, அணைங்கலே!" என்று அலறினார் காளீஸ்வரனார்.

காலம் கடந்துவிட்டது. ஈராண்டாய்ப் பாதிக்குமேல் நமுத்துச் சீறியடங்கி வணிகரின் வசைக்கு ஆளான அவ்வாலையின் சரவெடி, அன்றுதான் ஒன்றுகூடப் பழுதின்றி முழங்கித் தீர்த்தது.

புகை விலகியபோது, கறுப்புச் சட்டையில் கோழிச் சிறகுகள் ஒட்டிய ஆணையர் வேலியோரம் நின்றார். "வாங்க அண்ணாச்சி" என்று முதலாளியை அழைத்தாள் அய்யம்மாள். "இந்த ஐயா உங்களைப் பாக்கத்தான் காத்துக்கிட்டு இருக்காக."

ஆணையரின் அறிக்கை கண்டு மன்றம் மீண்டும் அழைக்க, சில நாள் கழித்து அதே மகிழுந்து மதுரை நோக்கிப் புறப்படுகையில், "வழியனுப்ப ஒரு சரம் வைக்கட்டுமா மொதலாளி?" என்று வெள்ளைத்துரை பணிவோடு கேட்டான். பணிவை நாவுக்கு ஒரு பகலில் கற்பித்துவிடலாம். மாலை விழுந்த கழுத்துக்குக் கற்பித்தல் எந்த மன்றத்துக்கும் அரிது. வேலிக்கு அப்பால், நெடுநாளைக்குப் பின் வாய்த்த அமைதியை நம்பலாமா என ஐயுற்று நின்ற அடைக்கோழி ஒன்று, மெல்லத் தன் முட்டைகளின்மேல் அமர்ந்தது.