எண்பத்தெட்டாவது பெயர்

லிஃப்ட் மெக்கானிக்குக்கு விளையாட்டு என்றாலே ஆகாது. மகள் கண்ணாடிக் கடையில் வேலை முடிந்து வந்து, முகம் கழுவி, ஏழு மணிக்குக் கம்ப்யூட்டர் முன் உட்கார்ந்தால் ஒன்பது வரைக்கும் அசைய மாட்டாள். காதில் ஹெட்போன், வாயில் ஓயாத பேச்சு. அந்த அறையைத் தாண்டும்போதெல்லாம் ஏதாவது குத்தலாகச் சொல்லாமல் இவருக்குக் கால் நகராது. ஊரைக் காப்பாற்றி முடித்துவிட்டால் சாப்பிட வரலாமே என்பார். அவள் திரும்பாமல் ஒரு கையை மட்டும் தூக்கிக் காட்டுவாள்.

காய்ச்சல் என்று செவ்வாய்க்கிழமை லீவு போட்டவள் சனிக்கிழமை இல்லை. இருபத்து நான்கு வயது. அம்மாக்காரி அந்த அறையைச் சாத்தியதோடு சரி, அந்தப் பக்கமே போவதில்லை. துணி காயப்போடக்கூட வாசலைச் சுற்றிக்கொண்டு மொட்டை மாடிக்குப் போனாள். இவரோ மகளின் போனை மட்டும் தினமும் சார்ஜ் போட்டு வைத்தார்.

இரண்டு மாதம் ஆகப் போகிற சமயத்தில், ஒரு செவ்வாய்க்கிழமை காலை அந்த போன் சிணுங்கியது. விளையாட்டுக் கம்பெனியிலிருந்து செய்தி. 'ஸ்பேனர், வாழ்த்துகள். நீங்கள் எண்பத்தெட்டாவது இடத்தில் இருக்கிறீர்கள். ஞாயிறு மாலை ஆறு மணிக்கு இந்தப் பருவம் முடிகிறது. அப்போது முதல் நூறு இடங்களில் இருப்பவர்களின் பெயர்கள் விளையாட்டின் கோட்டை வாசலில் பொறிக்கப்பட்டு என்றும் நிலைத்திருக்கும். கடைசி ஒரு மாதத்தில் ஒரு ரேங்க் ஆட்டமாவது ஆடாதவர்களின் பெயர் சேராது.'

அவர் அதை நான்கு தடவை படித்தார். எண்பத்தெட்டு என்பது எத்தனை பேரில் என்று தேடிப் பார்த்தார். ஆறு லட்சத்துச் சொச்சம் பேரில். அதைவிட அவரை உட்கார வைத்தது அந்தப் பெயர். ஸ்பேனர் என்பது அவருடைய பையில் கிடக்கிற சாமான். சின்ன வயதில் அவள் அதை எடுத்து மேஜை, நாற்காலி எல்லாவற்றையும் கழற்றப் பார்த்து அடி வாங்கியிருக்கிறாள். அதைத்தான் தன் பெயராக வைத்துக்கொண்டிருக்கிறாள், அவருக்குத் தெரியாமல்.

அவள் பெயர் எங்காவது அழியாமல் இருக்கும் என்றால் அதற்கு ஒரே ஒரு ஆட்டம் ஆட வேண்டும், அவ்வளவுதானே என்று அவருக்குத் தோன்றியது. அன்று மாலையே அறையைத் திறந்தார்.

மகளுடைய கணக்கைத் தொட முதலில் கை வரவில்லை. கொஞ்சம் பழகிக்கொண்டு தொடுவோம் என்று தனக்கென்று ஒன்று தொடங்கினார். பெயர் கேட்டதற்கு 'ஸ்பேனர் அப்பா' என்று போட்டார். உள்ளே போனால் இரண்டு கதவுகள். சாதா ஆட்டம் என்ற கதவு திறந்திருந்தது. ஜெயித்தால் இடம் ஏறும், தோற்றால் இறங்கும் ரேங்க் ஆட்டம் என்ற கதவில் ஒரு பூட்டுப் படம் தொங்கியது. முப்பதாம் நிலையை எட்டிவிட்டு வரச் சொன்னது. அவர் இருந்தது முதல் நிலையில்.

மூன்று நாள் சாதா ஆட்டம் ஆடினார். ஒரு பக்கம் ஐந்து பேர், எதிர்ப்பக்கம் ஐந்து பேர், நடுவில் மூன்று பாலங்கள். இரண்டு பாலங்களைப் பிடித்து வைத்திருக்கிற அணி ஜெயிக்கும். மகள் ஆடியது விளக்குக்காரி என்ற பாத்திரம். நால்வர் முன்னால் போய்ச் சண்டை போட, இவள் பின்னால் நின்று அடிபட்டவர் மேல் விளக்கைக் காட்ட வேண்டும். வெளிச்சம் பட்டால் உயிர் ஏறும். கேட்க எளிதாகத்தான் இருக்கிறது. இருபத்தாறு வருஷம் இரும்பு பிடித்த விரல்களுக்கு அந்தப் பொத்தான்கள் எள்ளுருண்டை அளவுகூட இல்லை. வெள்ளிக்கிழமை வரைக்கும் நான்காம் நிலைக்கு மேல் ஏற முடியவில்லை.

கோபம் வந்து, லிஃப்ட் மெஷின் ரூம் படிக்கட்டில் உட்கார்ந்து கம்பெனிக்கு ஒரு புகார் எழுதினார். பெரிய மனுஷனை வாசலிலேயே நிறுத்துகிறீர்களே என்கிற ரீதியில். மரியாதையாகப் பதில் வந்தது. களம் பழகாதவர் ரேங்க் ஆட்டத்துக்கு வந்தால், சேர்ந்து ஆடும் நால்வருக்கும் அது நட்டம், எதிரில் இருக்கும் ஐவருக்கும் உண்மையான போட்டி இல்லாமல் போகும். பூட்டு இல்லாவிட்டால், ஏமாற்றி வெளியே தள்ளப்பட்டவர்கள் புதுப் பெயரில் உடனே உள்ளே வந்துவிடுவார்கள். கைதேர்ந்தவர்கள் புதுமுகம் போல வேஷம் கட்டிக்கொண்டு தெரியாதவர்களைப் போட்டு மிதிப்பார்கள். அதனால்தான் பூட்டு என்று இருந்தது. படித்துவிட்டுத் தலையில் அடித்துக்கொண்டார். ஒரு பொத்தானை அமுக்குவதற்கு இவ்வளவு பஞ்சாயத்தா?

சனிக்கிழமை மாலை, கம்ப்யூட்டரில் அவள் சேமித்து வைத்திருந்த பாஸ்வேர்டை வைத்து மகளின் கணக்கில் நுழைந்தார். அவளுடைய ரேங்க் கதவில் பூட்டு இல்லை. கையை ஒரு தடவை வேட்டியில் துடைத்துக்கொண்டார். ஆடத் தெரியாதவன் ஒதுங்கி நின்றால் போதும், மற்ற நான்கு பேர் பார்த்துக்கொள்வார்கள் என்பது அவர் கணக்கு.

உள்ளே போன மறுநிமிஷமே நான்கு பேர் வந்து சேர்ந்தார்கள். ஆந்தை, அரைடிக்கெட், பூசணி, புலவர். மகள் ஹெட்போனில் தினமும் பேசிய ஆட்கள். ஆந்தை ஏதோ ஆஸ்பத்திரியில் ராத்திரிக் காவல் பார்ப்பவர் என்றும், அரைடிக்கெட் ஸ்டேஷனில் டிக்கெட் கொடுக்கிற பெண் என்றும் அவருக்குப் பிறகுதான் தெரியும். இறந்த செய்தியை அவர்களுக்குச் சொல்ல யாரும் இல்லை. அப்படி நான்கு பேர் இருப்பதே இந்த வீட்டுக்குத் தெரியாது.

"எங்க போய்த் தொலைஞ்ச? ரெண்டு மாசமா ஆளையே காணோம்" என்றார் ஆந்தை.

"திட்டாத, வந்துட்டால்ல. ஸ்பேனர், நான் இப்ப தொண்ணூத்தாறு. நம்புவியா? இந்த ஒண்ணு ஜெயிச்சா போதும், நாளைக்குப் பயமே இல்ல" என்றது மெல்லிய குரல். அது அரைடிக்கெட்.

அவர் மைக்கைத் திறக்கவில்லை. சொல்லிவிட்டால் ஆட விடமாட்டார்களோ என்று பயம். ஆட்டம் தொடங்கிவிட்டது.

ஒதுங்கி நின்றால் போதும் என்ற கணக்கு முதல் நிமிஷத்திலேயே தப்பியது. நால்வரும் ஒதுங்கி ஆடவில்லை. பின்னால் ஸ்பேனர் இருக்கிறாள் என்று கண்ணை மூடிக்கொண்டு முன்னால் போனார்கள். அரைடிக்கெட் மூன்று பேர் காத்திருந்த நடுப்பாலத்தில் தனியாகக் குதித்தாள். வெளிச்சம் வரும் என்று தெரியாமல் யாரும் அப்படிக் குதிக்க மாட்டார்கள். இவர் பதறிப்போய் எதையோ அமுக்க, விளக்கு சுவரைப் பார்த்து எரிந்தது. அவள் செத்து விழுந்தாள். எழுந்து வந்து மறுபடியும் குதித்தாள். மறுபடியும் விழுந்தாள். யாரும் திட்டவில்லை. திட்டியிருந்தால் அவருக்குக் கொஞ்சம் எளிதாக இருந்திருக்கும்.

மூன்றாம் தடவை விழுந்தபிறகு அவள் குரலைத் தாழ்த்திக்கொண்டு கேட்டாள். "ஸ்பேனர், நான் உனக்கு ஏதாச்சும் தப்பு பண்ணிட்டனா?"

அதற்குமேல் அவரால் தாங்க முடியவில்லை. மைக் பொத்தானைத் தேடி அமுக்கினார்.

"நான் ஸ்பேனர் இல்லம்மா. அவளோட அப்பா. அவ போயிட்டா. காய்ச்சல்ல. ரெண்டு மாசம் ஆகப் போகுது."

திரையில் நால்வரும் நின்ற இடத்திலேயே நின்றார்கள். எதிரணி வந்து பாலங்களைப் பிடித்துக்கொண்டு போனது. யாரும் தடுக்கவில்லை. தோல்வி என்று சிவப்பில் எழுத்து வந்தது. அதன் கீழே புதுப் பட்டியல். ஸ்பேனர் நூற்று நான்கு. அரைடிக்கெட் நூற்று ஒன்பது. பெயரை நிலைக்க வைக்கப் போன மனிதர் தன் கையாலேயே அதைக் கீழே தள்ளியிருந்தார், கூடவே இன்னொருத்தியையும்.

யாரோ அழுகிற சத்தம் கேட்டது. பூசணியா புலவரா என்று தெரியவில்லை. அரைடிக்கெட் மட்டும் பரவாயில்லை சார், பரவாயில்லை என்று திரும்பத் திரும்பச் சொன்னாள்.

அன்று அவருக்குச் சோறு இறங்கவில்லை. தட்டின் முன்னால் உட்கார்ந்து, வேறொரு பூட்டை நினைத்துக்கொண்டிருந்தார். அவர் தொழிலில் லிஃப்ட் குழிக்குள் இறங்குகிறவர் யாராக இருந்தாலும் முதலில் மெயின் சுவிட்சை அணைத்து, அதில் தன் பூட்டைப் போட்டு, தன் பெயர் எழுதிய அட்டையைத் தொங்கவிட்டு, சாவியைத் தன் சட்டைப் பையில் போட்டுக்கொள்ள வேண்டும். போட்டவரைத் தவிர யாரும் அதைத் திறக்கக் கூடாது. பதினோரு வருஷத்துக்கு முன்னால் ஒரு கட்டட மேனேஜர் அந்தப் பூட்டை அறுத்துவிட்டு சுவிட்சைப் போட்டார். கெட்ட மனிதர் இல்லை. ஏழாம் மாடியில் ஒரு கர்ப்பிணி காத்திருக்கிறாளே என்ற அவசரம். உள்ளே இருந்த இவருடைய கூட்டாளிக்கு மூன்று விரல்கள் போயின. அன்று இவர் மேனேஜரின் சட்டையைப் பிடித்து உலுக்கிக் கத்தியது இன்றைக்கும் ஞாபகம் இருக்கிறது. பூட்டு உன்மேல் சந்தேகப்பட்டுப் போட்டது இல்லை, உன் கண்ணுக்குத் தெரியாமல் உள்ளே ஆள் இருக்கிறான் என்று போட்டது என்று கத்தினார்.

அந்த மேனேஜரும் தானும் ஒன்று என்று அவருக்கு இப்போது புரிந்தது. கம்பெனிக்காரன் நான்கு பத்தியில் சொல்லியும் ஏறாதது, அந்தப் பெண் கேட்ட ஒரே கேள்வியில் ஏறியது. எட்டு வருஷம் மகள் சாயங்காலமெல்லாம் பேசிக்கொண்டிருந்தது திரையோடு இல்லை, கூட்டாளிகளோடு.

ஞாயிறு மதியம் கம்ப்யூட்டரைத் திறந்தபோது ஆந்தை பேசினார். சுற்றி வளைக்காமல் விஷயத்துக்கு வந்தார். மகளின் பாஸ்வேர்டைக் கொடுத்தால் இரண்டு ஆட்டம், அதிகம் போனால் மூன்று. ஆறு மணிக்குள் அவளை நூறுக்குள் ஏற்றிவிடலாம். தப்புதான், ஆனால் அவளுக்காகச் செய்கிறேன் என்றார்.

அவர் வாசலில் அந்தப் பெயர் பொறித்திருப்பதை மனதில் பார்த்தார். ஆசையாகத்தான் இருந்தது. சரி என்று சொல்ல வாய்வரைக்கும் வந்துவிட்டது.

"வேணாம் தம்பி. அது அவ போட்ட பூட்டு. நான் ஒரு தடவை திறந்துட்டேன். அதுக்கே ஒரு பொண்ணு விழுந்துட்டா. இன்னொரு கை வேணாம்."

ஆந்தை, உங்களுக்கென்று தனிக் கணக்கு இருக்கிறதா சார் என்று கேட்டார். இருக்கிறது, நான்காம் நிலை, ரேங்க் பூட்டியிருக்கிறது என்று இவர் சொன்னார்.

"ரேங்குக்குத்தான் சார் பூட்டு. சாதா ஆட்டத்துல நாம யார்கூட வேணா ஆடலாம். எங்க அளவுக்குத் தக்கபடிதான் எதிராளி வருவாங்க, நல்லா அடி வாங்குவோம். வர்றீங்களா?"

ஐந்தரை மணிக்கு 'ஸ்பேனர் அப்பா' உள்ளே போனார். நால்வரும் இருந்தார்கள். ஹெட்போன் காதை இறுக்கியதால் கழற்றி வைத்துவிட்டார். அவர்கள் குரல் அறை முழுக்கக் கேட்டது. அரைடிக்கெட்டிடம் அவளுடைய இடத்தைக் கேட்கவே அவருக்குக் கூச்சமாக இருந்தது. கேட்டார். காலையிலிருந்து ஒன்பது ஆட்டம் ஆடி நூற்று இரண்டு வரைக்கும் வந்திருக்கிறாள். கடைசியாக இன்னொரு ஆட்டத்துக்கு நேரம் இருக்கிறதே, அதை ஆடம்மா என்றார். கை வலிக்குது சார், அடுத்த பருவம் பார்த்துக்கலாம் என்றாள். அது பொய் என்று அவருக்குத் தெரிந்தது.

சொன்னபடியே அடி வாங்கினார்கள். இந்தத் தடவை யாரும் கண்ணை மூடிக்கொண்டு குதிக்கவில்லை. அவருக்கு விளக்கைத் திருப்பவே நேரம் பிடிக்கும் என்று தெரிந்து, ஒவ்வொருவரும் அடிபட்டதும் ஓடிவந்து அவர் முன்னால் நின்றார்கள். அரைடிக்கெட் நூலளவு உயிரோடு தவழ்ந்து வந்தாள். அவர் மூச்சைப் பிடித்துக்கொண்டு ஒரே ஒரு பொத்தானை அமுக்கினார். வெளிச்சம் அவள்மேல் விழுந்தது.

"தேங்க்ஸ் ஸ்பேனர்" என்றாள், பழக்கத்தில்.

சொன்ன பிறகுதான் அவளுக்கே உறைத்திருக்க வேண்டும். யாரும் அதைத் திருத்தவில்லை. அவரும் திருத்தவில்லை. இரண்டாம் பாலத்துக்குப் போனார்கள்.

அவர்கள் அங்கே சண்டை போட்டுக்கொண்டிருந்தபோது மணி ஆறாகி, எங்கோ கோட்டை வாசலில் நூறு பெயர்கள் பொறிக்கப்பட்டன. ஐந்து பேரில் ஒருவர்கூட அதைத் திறந்து பார்க்கவில்லை.

முதுகுக்குப் பின்னால் ஆள் நிற்பதுபோல் இருந்தது. திரும்பினார். இரண்டு மாதமாக அந்தப் பக்கம் வராதவள் கதவு நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றாள். ஒரு கால் உள்ளே, ஒரு கால் வெளியே.

"ஏங்க, யாருங்க இவங்கெல்லாம்?"

கம்ப்யூட்டரில் ஆடுகிறவர்களெல்லாம் வெட்டிப் பயல்கள் என்று அவரே எத்தனையோ தடவை அவளிடம் சொல்லியிருக்கிறார்.

"அவகூட வேலை பாத்தவங்க" என்றார். கட்டிலின் ஓரத்தில் கிடந்த துணியை எடுத்துவிட்டு, அவளுக்கு உட்கார இடம் பண்ணினார்.