மூன்றாம் எண் கேள்வி

ஜெபராணிக்கு வேண்டியது ஒரே ஒரு வரி. தன் புருஷன் அந்தோணிராஜ் சாயப்பட்டறைக் கழிவுத் தொட்டிக்குள் இறக்கப்பட்டு விஷவாயுவில் செத்தான் என்று அரசாங்கம் ஒருமுறை வாயைத் திறந்து சொல்ல வேண்டும். பெரிய ஆசையா இது?

காகிதத்தில் அவன் வரப்பில் கால் தவறி விழுந்து செத்தவன். அதில் கையெழுத்துப் போட்டவளும் ஜெபராணிதான். ஆஸ்பத்திரியில் சடலம் கிடந்தபோது பட்டறை முதலாளி கண்ணையா கைகட்டி நின்று, "அம்மணி, இதுல ஒரு கையெழுத்துப் போட்டீங்கன்னா வெரசா ஊட்டுக்குக் கொண்டுபோயிரலாமுங்க" என்றார். அவ்வளவு பணிவாகக் கேட்கிறவரிடம் முடியாது என்று சொல்ல இந்தச் சீமையில் யாருக்கு வாய் வரும்? போட்டுவிட்டாள்.

அப்புறம் ஒன்றரை வருஷம் பஸ் ஏறி, கோயமுத்தூரில் எம்.பி. சசிதரின் அலுவலகமே கதி என்று கிடந்தாள். அவருடைய உதவியாளன் யஷ்வந்த் காபி கொடுத்து விளக்குவான்.

"கேள்வி எழுதிப் போட்டா குலுக்கல்ல வரோணுமுங்க. நட்சத்திரக் குறி கெடைச்சாத்தான் மந்திரி எந்திரிச்சுப் பதில் சொல்லுவாரு. ஒரு நாளைக்கு இருவது கேள்விதானுங்க. அதுலயும் மேல இருக்கற நாலஞ்சுதான் அந்த ஒரு மணி நேரத்துல வரும். பதில் சரியில்லீன்னா நம்மாளு ரெண்டு துணைக்கேள்வி கேக்கலாமுங்க."

"அதுல ஒண்ணுல எங்கூட்டுக்காரரு பேரைச் சொல்லிப்போடுவீங்களா?" என்று சசிதரிடமே கேட்டாள்.

"சொல்லாம இருப்பனுங்களா?" என்று கும்பிட்டார் அவர்.

குலுக்கலில் விழுந்தேவிட்டது. நட்சத்திரக் குறியோடு, மூன்றாம் எண். அந்தோணியார் கோயிலில் மெழுகுவத்தி ஏற்றிவிட்டு வந்தாள், பைத்தியக்காரி.

கேள்வி வரவேண்டிய நாளில் காலை பதினொரு மணிக்கு மகள் டீனாவின் போனில் மக்களவை ஓடியது. மூன்றாவது கேள்வி வந்தது. மந்திரி எழுந்து, பதிலை அவையில் வைத்திருப்பதாகச் சொல்லி, ஒரு வரியை மட்டும் வாசித்தார். இவர்கள் மாவட்டத்தில் கழிவுத் தொட்டிச் சாவு, பூஜ்யம்.

"இரு கண்ணு, இப்ப நம்ம எம்.பி. எந்திரிப்பாரு," என்றாள் ஜெபராணி.

எழுந்தார். மந்திரிக்கு நன்றி சொன்னார். பூஜ்யத்துக்கு நன்றி! பட்டறைக்காரர்களுக்குச் சுத்திகரிப்பு நிலையம் எப்போது வரும் என்று ஒரு துணைக்கேள்வி. அதற்கு மானியம் கூடுமா என்று இன்னொன்று. உட்கார்ந்துவிட்டார். அவை நாலாவது கேள்விக்குப் போய்விட்டது.

சாயங்காலம் யஷ்வந்த் போன் செய்தான். "பாத்தீங்களா அம்மணி, நம்ம கேள்வி வந்துருச்சுங்க!"

"பாத்தனுங்க. ரொம்ப நன்றிங்க," என்றது இவள் வாய், பழக்கதோஷத்தில். டீனா அவளை அடிக்காத குறை.

மறுவாரம் கலெக்டர் ஆபீஸுக்குப் போனாள். சாவை மறுபடி விசாரிக்கச் சொல்லி அவள் கொடுத்த மனு அங்கேதான் கிடந்தது. அதுவரை "பாக்கலாமுங்க" என்றே சொல்லிவந்த அதிகாரி இளவேனில், இன்று நாற்காலியை இழுத்துப் போட்டு, அச்சடித்த தாளொன்றை நீட்டினாள். மக்களவையில் வைத்த பதில்.

"நாடாளுமன்றத்துலயே பூஜ்யம்னு பதிவாயிருச்சுங்க அம்மணி. இதுக்கு மாறா நாங்க எப்படிங்க எழுதறது?"

"அந்தப் பூஜ்யத்தை யாருங்க சொன்னது?"

"நாங்கதானுங்க அனுப்புனோம். நீங்க கையெழுத்துப் போட்ட காகிதத்தை வெச்சுத்தான்." இளவேனிலின் குரலில் துளிக் கடுப்பு இல்லை. மனுவைத் திருப்பி வைத்துப் பேனாவை நீட்டினாள். "முடிச்சு வெச்சறலாமுங்களா? கோவிச்சுக்காதீங்க, ஒரு கையெழுத்து வேணுமுங்க."

ஜெபராணி பேனாவை வாங்கிக்கொண்டாள்.

"எங்கீங்க போடோணும்?" என்றாள்.